காமிராவும் கத்தரியும்

உதகமண்டலத்திலிருந்து எமரால்டு வழியாக அவலாஞ்சிக்குச் சென்று, அங்கே ஏரிக்கரையில் ஒரு பகற்பொழுதைக் கழிக்கும் சந்தர்ப்பம் சமீபத்தில் நமக்கு வாய்த்தது. 1823-ம் வருஷத்தில் நேர்ந்த பெரும் மலைச்சரிவை வைத்து ஆங்கிலேயர் இட்ட பெயர், தமிழ் நாவில் உருண்டு உருண்டு அவலாஞ்சியாயிற்று என்பது நேயர்களில் பலர் அறிந்ததே. 2019-ம் வருஷம் ஆகஸ்டு மாதத்தில் ஒரே நாளில் 82 சென்டிமீட்டர் மழை கொட்டி, தமிழகம் முழுவதையும் திகைக்க வைத்ததும் இவ்விடந்தான். நாம் சென்ற தினத்தில் மழையில்லை. ஆனால் காலை பத்து மணிக்குப் பொன்னாய்க் கிடந்த புல்வெளி, கால்மணி நேரத்துக்குள் சாம்பல் நிறமாயிற்று. சோலைக்காட்டின் விளிம்பு இருக்கிறதா இல்லையா என்று சொல்ல முடியாதபடி மூடுபனி வந்து கவிந்தது. பிறகு ஏரியின் ஒரு மூலை மட்டும் ஒரு கணம் வெள்ளித் தகடு போல் மின்னி மறைந்தது. நம் அருகே நின்றிருந்த வாலிபர் ஒருவர், "வெளிச்சம் போய்விட்டதே!" என்று சலித்துக்கொண்டு கைப்பேசியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார்.

போய்விட்டதாக அந்த வாலிபர் எண்ணிய அதே வெளிச்சத்தைத் தேடிப் பிடித்துப் பிலிமில் பதிப்பதையே தம் ஆயுட்காலத் தொழிலாகக் கொண்டிருந்த ஒருவர் நம் நாட்டில் இருந்தார். இந்த நீலகிரியின் மூடுபனியையும் ஈரத்தையும் தமிழ் ஜனங்களின் மனத்தில் நிலைநிறுத்தியவரும் அவரே. ஸ்ரீ பாலு மகேந்திரா 2014-ம் வருஷம் பிப்ரவரி 13-ந் தேதி காலமானார். அவரை டைரக்டர் என்றே உலகம் கொண்டாடுகிறது. நாம் இங்கே பிரஸ்தாபிக்க விரும்புவது, காமிராவையும் படத்தொகுப்புக் கத்தரியையும் ஒரே கையில் வைத்துக்கொண்டிருந்த தொழிலாளியைப் பற்றி; அத்தொழிலாளியின் உழைப்பு இன்று எந்தப் பெட்டியில் எந்நிலையில் கிடக்கிறது என்பதைப் பற்றி.

ஈழத்தில் மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939-ம் வருஷம் மே மாதம் 20-ந் தேதி அவர் பிறந்தார். பள்ளிச் சிறுவனாயிருந்தபோது, டேவிட் லீன் என்னும் ஆங்கில டைரக்டர் க்வாய் நதிப் பாலத்தைப் பற்றிய தம்முடைய பிரசித்தமான படத்தை இலங்கையில் பிடித்துக்கொண்டிருந்ததைக் கண்டதாகவும், டைரக்டர் 'மழை' என்று குரல் கொடுத்த மாத்திரத்தில் மழை பொழிந்ததைக் கண்டு வியப்பில் ஆழ்ந்ததாகவும் அவரே பலமுறை சொல்லியிருக்கிறார். யந்திரம் பொழிந்த மழைதான். இருந்தாலும் சிறுவனின் மனத்தில் வருணபகவானே கட்டளைக்குக் கீழ்ப்படிந்தது போலத்தான் பதிந்திருக்கும். இந்த மழையை நேயர்கள் சற்று நினைவில் வைத்திருக்க வேண்டும். பின்னால் வேறொரு மழையைப் பற்றிச் சொல்லப் போகிறோம்.

புனாவில் பழைய பிரபாத் ஸ்டூடியோ இருந்த வளாகத்தில் சர்க்கார் 1960-ல் ஆரம்பித்த திரைப்படக் கல்லூரியில் அவர் ஒளிப்பதிவு பயின்று 1969-ல் தேறினார். 'செம்மீன்' படத்தால் புகழ் பெற்ற ராமு காரியாத் தம்முடைய 'நெல்லு' என்னும் மலையாளப் படத்துக்கு அவரை அழைத்துக்கொண்டார். 1974-ல் வெளியான அப்படத்துக்குக் கேரள சர்க்காரின் ஒளிப்பதிவுப் பரிசு கிடைத்தது. ஈழத்துத் தமிழர் ஒருவர் மராட்டிய தேசத்தில் கற்ற வித்தையைக் கேரளத்தில் அரங்கேற்றினார். தமிழ்நாடு அவரைக் கண்டுகொள்ளச் சில வருஷங்கள் பிடித்தன. இது நமக்குப் பெருமை தரும் செய்தி அல்ல.

அவருடைய ஒளிப்பதிவில் அப்படி என்ன விசேஷம் என்று கேட்பவர்களுக்கு ஒரு வார்த்தை. அக்காலத்து ஸ்டூடியோக்களில் வெளிச்சம் என்றால் விளக்கு வெளிச்சந்தான். நடுநிசியில் குடிசைக்குள் அழும் கதாநாயகியின் முகமும் நண்பகல் போல் பிரகாசிக்கும். ஒரு மனிதருக்குச் சுவரில் மூன்று நிழல் விழும். யாரும் அதைப் பிழையாக எண்ணியதில்லை. பாலு மகேந்திராவோ ஓர் அறைக்குள் நுழைந்தவுடன் ஜன்னல் எங்கே இருக்கிறது என்று பார்க்கும் ஜாதி. ஜன்னல் வழியே வரும் வெளிச்சம் முகத்தின் ஒரு பாதியில் பட்டால் மறுபாதி இருட்டாகவே இருக்கட்டும் என்று விட்டுவிடும் துணிவு அவருக்கு இருந்தது. வீட்டுக்குள் எரியும் விளக்கு எவ்வளவு எரியுமோ அவ்வளவே எரிந்தால் போதும். இவ்விதம் படம் பிடிப்பது செலவு குறைந்த காரியம் என்று சிலர் நினைக்கலாம். செலவு குறைவு என்பது மெய்யே. ஆனால் பிலிமின் திறனையும் கண்ணாடியின் திறனையும் அரிசி மணியை எண்ணுவது போல் எண்ணத் தெரியாதவர் இதில் இறங்கினால், சுருளைக் கழுவிப் பார்க்கும்போது இருட்டைத் தவிர ஒன்றும் மிஞ்சாது. 1977-ல் அவரே டைரக்ட் செய்த முதற்படமான 'கோகிலா' என்னும் கன்னடச் சித்திரம், கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவுக்கான தேசியப் பரிசை அவருக்குப் பெற்றுத் தந்தது.

பிறருக்காகவும் அவர் காமிரா பிடித்தார். பரதனின் முதற்படமான 'பிரயாணம்' 1975-லும், மகேந்திரனின் முதற்படமான 'முள்ளும் மலரும்' 1978-லும், மணிரத்னத்தின் முதற்படமான 'பல்லவி அனுபல்லவி' 1983-லும் வெளியாயின. மூன்றிலும் ஒளிப்பதிவு பாலு மகேந்திராவுடையதே. முதன்முதல் டைரக்ட் செய்ய வரும் வாலிபருக்குப் பக்கத்தில், தொழில் தெரிந்த ஒரு மூத்தவர் நின்றால் எத்தனை தைரியம் என்பதைச் சினிமா உலகத்தார் அறிவர். விசுவநாத்தின் 'சங்கராபரணம்' தெலுங்கிலிருந்து பாரதம் முழுவதும் பரவியதே, அதற்கும் காமிரா இவருடையதுதான்.

இனி நீலகிரிக்கு வருவோம். 1980-ல் வந்த 'மூடுபனி' என்னும் படத்தின் கதை ஒரு பகுதி உதகையில் நடக்கிறது. பெயருக்கேற்ப அங்கே பனி வெறும் அலங்காரமாக இல்லாமல், ஒருவனுடைய சித்தப்பிரமைக்கு இருப்பிடமாகவே ஆகிவிட்டது. (ஹிட்ச்காக்கின் 'சைக்கோ' படத்துக்கு இக்கதை பட்டிருக்கும் கடனை மறைப்பதற்கில்லை.) 1982-ல் வந்த 'மூன்றாம் பிறை'யைப் பற்றி நாம் விஸ்தரிக்க வேண்டுவதில்லை. ஊட்டியென்றால் பூந்தோட்டம், படகு, ஜோடியாக ஓடியாடும் பாட்டு என்றிருந்த தமிழ் சினிமாவில், ஊட்டியில் மனிதர்கள் குளிரில் குடியிருக்கிறார்கள், பள்ளிக்கூடத்தில் வேலை பார்க்கிறார்கள், ஈரத் துணியை உலர்த்த இடமில்லாமல் தவிக்கிறார்கள் என்று நினைக்கும்படி செய்த படம் அது. ஒளிப்பதிவுக்குத் தேசியப் பரிசு அவருக்கும், நடிப்புக்குத் தேசியப் பரிசு கமலஹாசனுக்கும் கிடைத்தன.

அப்படத்தின் முடிவு, குன்னூருக்கும் உதகைக்கும் இடையிலுள்ள கேத்தி ரயில் நிலையத்தில் நடக்கிறது. தன்னை மறந்துவிட்ட பெண்ணுக்குத் தன்னை நினைவூட்ட ஒருவன் குரங்காட்டம் ஆடுகிறான்; ரயில் நகர்கிறது; மழை கொட்டுகிறது. அந்த மழை திட்டத்தில் இருந்ததன்று, படப்பிடிப்பு நாளில் தானாகவே வந்தது என்று சொல்லப்படுகிறது. வேறொருவராயிருந்தால் குடையை விரித்துக்கொண்டு மழை விடட்டும் என்று காத்திருப்பார். அவரோ பிடித்துவிட்டார். சிறு பிராயத்தில் மழைக்குக் கட்டளையிடும் வல்லமையைக் கண்டு மயங்கியவர், நடுவயதில் கட்டளையில்லாமல் வந்த மழைக்கு இடம் கொடுத்தார். சாம்பல் நிற வானத்தின் கீழ் அந்த நடைமேடையில் எதுவும் பளிச்சென்று இல்லை. சேற்றின் நிறமும் மனிதனின் நிறமும் ஏறக்குறைய ஒன்றாகவே இருக்கின்றன. காட்சியின் துயரம் அதில்தான் இருக்கிறது என்பது நம் அபிப்பிராயம்.

இந்த இரண்டு நீலகிரிப் படங்களையும் தொகுத்தவர் டி. வாசு என்பதை இங்கே குறிப்பிடுவது நியாயம். பாலு மகேந்திரா கத்தரியைத் தாமே எடுத்துக்கொண்டது பின்னர்தான். அதன் காரணம் எளிது. காமிராவின் பின்னால் நிற்பவர் ஒரு காட்சியை எங்கே வெட்டப் போகிறோம் என்று முன்கூட்டியே அறிந்திருந்தால், வேண்டாத பிலிமை ஓட்டமாட்டார். முப்பத்தைந்து மில்லிமீட்டர் பிலிம் நிமிஷத்துக்கு 90 அடி வீதம் ஓடும். ஆயிரம் அடிச் சுருள் பதினொரு நிமிஷத்தில் தீர்ந்துவிடும். வர்ணப் பிலிம் அந்நியச் செலாவணி கொடுத்து வாங்கிய சரக்கு. பெரிய முதலாளிகள் ஒரு காட்சியைப் பத்து முறை பிடித்து, எது நன்றென்று பிறகு பார்த்துக்கொள்ளலாம். சொற்ப மூலதனத்தில் படம் எடுப்பவர், மனத்துக்குள் முதலில் வெட்டி ஒட்டிவிட்டுத்தான் காமிராவை முடுக்க வேண்டும். ஆகவே அவருடைய சுயேச்சைக்குக் கத்தரி மிகவும் அவசியமான கருவியாயிற்று.

1988-ல் வெளியான 'வீடு' அம்முறையின் சிறந்த பலன். வாடகை வீட்டைக் காலி செய்ய நேர்ந்த ஒரு நடுத்தரக் குடும்பத்துப் பெண், தாத்தாவுக்குச் சொந்தமான மனையில் ஒரு சிறு வீடு கட்ட முனைகிறாள். ஒவ்வொரு படியிலும் ஒரு முட்டுக்கட்டை. இதுதான் கதை. பாட்டுக் கிடையாது. இளையராஜா ஏற்கெனவே வெளியிட்டிருந்த வாத்திய இசைத் தொகுதியிலிருந்து எடுத்த பகுதிகளே பின்னணி. எழுத்து, டைரக்ஷன், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு நான்கும் ஒருவருடையவை. அரைகுறையாய் எழும்பி நிற்கும் அவ்வீட்டைப் பார்க்கத் தாத்தா தனியே வருகிறார். சொக்கலிங்க பாகவதர் அந்த வேடத்தில் நடித்தார் என்று சொல்வதைவிட வாழ்ந்தார் என்றே சொல்ல வேண்டும். குடையோடு உள்ளே நுழைந்து, பூசாத சுவரைத் தடவி, அறை அறையாகப் பார்க்கிறார். பேச்சில்லை. ஒரு தொழில்முறைத் தொகுப்பாளர் இக்காட்சியில் பாதியைக் கத்தரித்திருப்பார். அதைப் பிடித்தவரே தொகுத்தபடியால், கிழவருடைய நடையின் வேகமே காட்சியின் வேகமாயிற்று. அப்படத்துக்குச் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசியப் பரிசும், அர்ச்சனாவுக்குச் சிறந்த நடிகைப் பரிசும் கிடைத்தன. படத்துக்காகச் சாலிகிராமத்தில் கட்டிய அந்த வீட்டையே பிற்காலத்தில் அவர் தம் சினிமாப் பட்டறையாக்கி மாணவர்களுக்குப் பயிற்சி அளித்தார்.

ஒருவரே எல்லாம் செய்வதில் தீங்கும் உண்டு. தாம் பிடித்த காட்சியின் மேல் தமக்கே உள்ள ஆசையை அறுப்பது எளிதன்று. அன்னிய கண் ஒன்று அருகே இருந்து, 'இது நன்றாயிருக்கிறது, ஆனால் வேண்டியதில்லை' என்று சொல்வது நலம். அவருடைய சில படங்களில் இந்தக் குறை தெரிகிறது. வியாபாரத்துக்காக அவர் எடுத்த படங்கள் எல்லாம் ஒரே தரத்தில் இருப்பதாகவும் நாம் சொல்ல வரவில்லை. ஆனால் 'வீடு', அதற்கு மறுவருஷம் வந்த 'சந்தியா ராகம்' ஆகிய இரண்டையும் வைத்துப் பார்த்தால், தமிழில் ஒரு மனிதர் தம் கைக்கடங்கிய கருவிகளைக்கொண்டு, ஒருவருக்கும் கட்டுப்படாமல் எவ்வளவு தூரம் போக முடியும் என்பது விளங்கும். 'சந்தியா ராக'த்தில் சொக்கலிங்க பாகவதர் மனைவியை இழந்து, கிராமத்தை விட்டுப் பட்டணத்தில் உறவினர் வீட்டுக்கு வந்து, அவ்வீட்டின் இடநெருக்கடியைத் தாமே உணர்ந்து வெளியேறும் முதியவர். கூட்டுக் குடும்பத்தைப் பற்றி ஆயிரம் பிரசங்கங்கள் செய்யாததை அப்படம் செய்தது.

இனிதான் நாம் சொல்ல வந்த விஷயம். அவ்விரண்டு படங்களின் மூல நெகடிவ்கள் அழிந்துபோயின என்று பாலு மகேந்திராவே தம் இறுதிக் காலத்தில் பொதுமேடையில் மனம் நொந்து கூறினார். தமிழ்நாட்டில் திரைப்பட ஆவணக் காப்பகம் ஒன்று வேண்டும் என்றும் கேட்டார். தேசியப் பரிசு பெற்ற படத்தை எடுத்தவர், அதன் நெகடிவ் இல்லை என்று சொல்லிக் கையை விரித்து நிற்கும் நிலையை நேயர்கள் எண்ணிப் பார்க்க வேண்டும்.

இது நேர்வதற்குக் காரணம் ஒருவருடைய கெட்ட எண்ணமன்று. நெகடிவ்வின் மேல் பாத்தியதை தயாரிப்பாளருக்கு. அதை வைத்திருப்பது பிலிம் கழுவும் லாபரட்டரி. டைரக்டருக்கோ ஒளிப்பதிவாளருக்கோ அதில் எழுத்து மூலமான உரிமை ஒன்றும் இல்லை. பெரிய ஸ்டூடியோவுக்குச் சொந்தக் கிடங்கு உண்டு. சுயேச்சையாகப் படமெடுத்தவரின் பெட்டிக்கு வாடகை கட்ட ஆளில்லை. டிஜிட்டல் முறை வந்து, சென்னையின் லாபரட்டரிகள் ஒவ்வொன்றாக மூடப்பட்டபோது பெட்டிகளும் அநாதையாயின. பிலிமும் கல்வெட்டன்று. அசிடேட் பிலிம் வெப்பத்திலும் ஈரத்திலும் சிதைந்து காடி நாற்றம் வீசத் தொடங்கினால், அது பக்கத்துச் சுருளுக்கும் தொற்றும். வர்ணம் வெளுத்துச் செம்மை பாயும். தென்னாட்டின் முதற்பேசும் படமான 1931-ம் வருஷத்துக் 'காளிதாஸ்' ஒரு பிரதிகூட இன்றில்லை. நடராஜ முதலியாரின் 'கீசக வதம்' என்னும் மௌனப்படமும் அவ்வாறே. அவை பழங்கதை, அந்நிய ஆட்சிக் காலத்து அலட்சியம் என்று சமாதானம் சொல்லிக்கொள்ளலாம். 1988-ம் வருஷத்துப் படத்துக்கு என்ன சமாதானம் சொல்வது?

நீலகிரிக்கு இவ்விஷயத்தில் வேறொரு சம்பந்தமும் உண்டு. பாரத நாடு தன் பிலிமைத் தானே செய்துகொள்ள வேண்டும் என்ற சுதேசி நோக்கத்தோடு, சர்க்கார் 1960-ல் ஹிந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ் என்னும் ஸ்தாபனத்தைத் தொடங்கி, உதகையில் ஆலை அமைத்தது. தூசியற்ற குளிர்ந்த காற்றை உத்தேசித்தே இம்மலை தேர்ந்தெடுக்கப்பட்டது. பிரெஞ்சு நாட்டார் உதவியுடன் 1967-ல் உற்பத்தி ஆரம்பமாயிற்று. முழு இருட்டில் வெள்ளி உப்புக் கலந்த பசையைப் பிலிம்மேல் பூசும் அந்த வேலையில் ஈடுபட்டு இம்மலைவாசிகள் பலர் பிழைத்தனர். 'இந்து' என்னும் முத்திரையோடு கறுப்பு வெள்ளைப் பிலிமும் எக்ஸ்ரே பிலிமும் நாடெங்கும் சென்றன. வர்ணப் பிலிமுக்கு நாம் கடைசிவரை வெளிநாட்டையே நம்பியிருந்தோம். 1996-ல் நலிந்த ஸ்தாபனம் என்று முத்திரை குத்தப்பட்டு, பின்னர் அது அடியோடு மூடப்பட்டது. ஆலையைச் சுற்றி எழுந்த குடியிருப்புக்கு இந்து நகர் என்ற பெயர் மட்டும் நிலைத்திருக்கிறது. பிலிமைச் செய்த மலையிலேயே பிலிமைக் காக்கவும் ஏற்பாடு செய்தால் என்ன என்ற எண்ணம் அவலாஞ்சிக் குளிரில் நின்றபோது நமக்கு எழுந்தது. ஆனால் குளிர் மாத்திரம் போதாது. ஈரம் பிலிமுக்குச் சத்துரு. ஒரே நாளில் 82 சென்டிமீட்டர் மழை பெய்யும் மலையில் காற்றை உலர்த்தும் யந்திரம் இல்லாமல் ஒரு பெட்டியும் தப்பாது. இடம் எதுவானாலும், குளிரையும் வறட்சியையும் வருஷம் முழுவதும் ஒரே அளவில் வைத்திருக்கும் கிடங்கும், அதற்கு நிற்காத மின்சாரமும், சுருளைத் தொட்டுப் பார்த்து நோயறியும் பழகிய கைகளும் வேண்டும்.

புனாவில் 1964-ம் வருஷம் முதல் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் இருக்கிறது. பி. கே. நாயர் அங்கே ஊரூராய் அலைந்து சேர்த்த பெட்டிகளால்தான் பால்கேயின் படங்களில் மிஞ்சிய பகுதிகளை இன்று நாம் பார்க்க முடிகிறது. அவருக்கு நாடு பட்ட கடன் பெரிது. ஆயினும், இத்தனை பாஷைகளில் வருஷத்துக்கு நூற்றுக்கணக்கான படங்கள் எடுக்கும் தேசத்துக்கு ஒரு காப்பகம் போதும் என்பது, ஜில்லாவுக்கெல்லாம் ஒரே ஆஸ்பத்திரி போதும் என்பதைப் போன்றது. தமிழ்ப் படங்களைத் தேடிச் சேர்க்கத் தமிழ் தெரிந்தவர்கள் தமிழ்நாட்டில் இருந்து உழைக்க வேண்டும்.

டிஜிட்டல் வந்துவிட்டது, இனிக் கவலையில்லை என்பாரும் உண்டு. பாலு மகேந்திராவே கடைசிப் படமான 'தலைமுறைக'ளை டிஜிட்டல் காமிராவில் பிடித்துத் தாமே தொகுத்து, தாமே அதில் தாத்தாவாகவும் நடித்தார். தமிழறியாத பேரனுக்குத் தமிழ் சொல்லித்தரும் கிழவரின் கதை அது. 2013-ல் வெளியான அப்படத்துக்குத் தேசிய ஒருமைப்பாட்டுக்கான பரிசு அறிவிக்கப்பட்டபோது அவர் உயிருடன் இல்லை. உதகையில் பிறந்த கார்த்திகி கொன்சால்வஸ் முதுமலைத் தெப்பக்காட்டு யானை முகாமில் எடுத்த குறும்படம் 2023-ல் ஆஸ்கார் பரிசு பெற்றதையும் நாம் பெருமையோடு கேட்டோம். சிறு காமிராவோடு காட்டில் வருஷக்கணக்காகக் காத்திருந்து எடுக்கும் இந்தப் புதிய தலைமுறைக்கு ஒன்று சொல்வோம்: கம்ப்யூட்டரின் தகடும் பத்து வருஷத்தில் ஊமையாகிவிடக்கூடிய பொருளே. பிலிமையாவது வெளிச்சத்துக்கு நேரே பிடித்தால் உருவம் தெரியும். தகட்டைப் பிடித்துப் பார்த்தால் ஒன்றும் தெரியாது. அதையும் அவ்வப்போது புதிய தகட்டுக்கு மாற்றிக் காப்பாற்றும் பொறுப்பு ஒருவருக்கு இருந்தாக வேண்டும்.

தமிழ்நாடு சர்க்கார் படங்களுக்கு மானியமும் கலைஞர்களுக்குப் பரிசும் கொடுத்து வருகிறது. மானியம் பெறும் ஒவ்வொரு படத்தின் நல்ல பிரதி ஒன்றைச் சர்க்காரிடம் ஒப்புவித்தாக வேண்டும் என்று ஒரு விதி செய்வதற்குப் பணம் வேண்டாம். ஓர் உத்தரவு போதும். அச்சாகும் புஸ்தகங்களுக்கு இத்தகைய சட்டம் வெகுகாலமாக இருக்கிறது. கிடங்கு கட்டுவதற்குத்தான் பணம் வேண்டும். அது வரும் வரையில், சென்னையிலும் பிற ஊர்களிலும் மூடிய லாபரட்டரிகளிலும், பழைய கொட்டகைகளின் மாடியிலும், தயாரிப்பாளர் வீட்டுப் பரணிலும் எந்தெந்தப் பெட்டி கிடக்கிறது என்று ஒரு ஜாபிதாவாவது தயாரிக்கத் தொடங்கலாம். 'சந்தியா ராக'த்தின் பிரதி எங்கேனும் ஒரு தகரப் பெட்டியில் நல்ல நிலையில் இருந்தாலும் இருக்கலாம். திறந்து பார்த்தால்தானே தெரியும்?

அவலாஞ்சியில் கைப்பேசியைப் பையில் போட்டுக்கொண்ட அந்த வாலிபரிடம் பேச்சுக் கொடுத்தோம். 'மூன்றாம் பிறை' பார்த்திருக்கிறார். கேத்தி நிலையத்துக்கும் முந்தின தினமே போய்ப் படம் எடுத்துக்கொண்டு வந்திருந்தார். 'வீடு' என்ற பெயரை அவர் கேட்டதில்லை. எங்கே பார்க்கலாம் என்று ஆவலோடு விசாரித்தார். இணையத்தில் மங்கலான பிரதி ஒன்று கிடைக்கும் என்று சொன்னோம்.